இந்தக் கவசத்துக்குக் காசு கொடுத்தவர் யார்?



மாயாஜால வீடியோ கேம்களில் வரும் காவலர்களின் தோற்றத்தையும் ஆயுதங்களையும் பற்றிப் பேச வந்திருக்கிறேன். டிராகனைப் பற்றிப் பேசலாம், நாயகனின் வாளைப் பற்றிப் பேசலாம்; கோட்டை வாசலில் நிற்கிற ஆளைப் பற்றி இவ்வளவு நேரம் பேச என்ன இருக்கிறது என்று சிலர் நினைக்கக்கூடும். எனக்கோ, ஒரு கற்பனை உலகம் எவ்வளவு யோசித்துக் கட்டப்பட்டிருக்கிறது என்பதைத் தெரிந்துகொள்ள அந்த வாசல் ஆளைவிட நல்ல தடயம் கிடையாது. நாயகனுக்கு எதை வேண்டுமானாலும் மாட்டிவிடலாம். ஏதோ குகையில் கண்டெடுத்தான், யாரோ ஒரு சூனியக்காரி கொடுத்தாள் என்று சொன்னால் போதும், ஏற்றுக்கொள்வோம். காவலன் உடம்பில் இருப்பதற்கு அந்தச் சமாதானம் செல்லாது. அதை ஒரு கொல்லர் அடித்திருக்க வேண்டும், ஒருவர் தைத்திருக்க வேண்டும், ஒருவர் பணம் கொடுத்திருக்க வேண்டும், ஆயுதக் கிடங்கில் யாரோ கணக்கு எழுதி அவனிடம் ஒப்படைத்திருக்க வேண்டும். ஆகவே எந்தக் கேமில் எந்தக் காவலனைப் பார்த்தாலும் எனக்குள் முதலில் எழும் கேள்வி, இதற்குக் காசு கொடுத்தவர் யார் என்பதுதான். இந்த அரங்கில் கேம்களுக்குப் படம் வரைகிற இளைஞர்கள் நிறையப் பேர் இருக்கிறீர்கள். நான் சொல்லப்போவது முக்கியமாக உங்களுக்கு.

இந்தக் கேள்விக்கு வரலாற்றில் மிகத் தெளிவான பதிலை எழுதி வைத்த ஒரு சட்டம் உண்டு. இங்கிலாந்தில் முதலாம் எட்வர்டு அரசர் 1285இல் பிறப்பித்த வின்செஸ்டர் சட்டம். மதில் சூழ்ந்த ஊர்களின் வாயில்களைப் பொழுது சாய்ந்ததும் மூடிவிட வேண்டும், விடிந்தபிறகுதான் திறக்க வேண்டும் என்று அது சொல்கிறது. கோடைக்கால மாதங்களில் பெருநகரங்களின் ஒவ்வொரு வாயிலிலும் ஆறு பேர் இரவு முழுக்கக் காவல் நிற்க வேண்டும். இரவில் வரும் அந்நியனைப் பிடித்து விடியும்வரை வைத்திருக்க வேண்டும். இதுவரை நாம் எல்லா மாயாஜாலக் கேமிலும் பார்த்ததுதான். சுவாரசியம் இதற்குப் பிறகு வருகிறது. 15 வயது முதல் 60 வயது வரை உள்ள ஒவ்வொரு ஆணும் தன் சொத்துக்கு ஏற்ற ஆயுதத்தைத் தன் வீட்டிலேயே வைத்திருக்க வேண்டும் என்று சட்டம் விதித்தது. ஆண்டுக்கு 15 பவுண்டு வருமானம் தரும் நிலம் இருந்தால் சங்கிலிக் கவசம், இரும்புத் தொப்பி, வாள், கத்தி, குதிரை. 10 பவுண்டு என்றால் குதிரை வேண்டாம், மற்றதெல்லாம் வேண்டும். 5 பவுண்டு என்றால் இரும்பு வளையங்களுக்குப் பதில் பஞ்சு திணித்துத் தைத்த சட்டை போதும். அதற்கும் கீழே இருப்பவனுக்கு வாள், வில், அம்பு, கத்தி. இன்னும் கீழே போனால் நீண்ட கம்பில் வெட்டுக்கத்தி செருகிய ஆயுதமும் சில்லறைக் கத்திகளும்.

அப்படிப்பட்ட ஆட்கள் காவலுக்கு நிற்கும் ஒரு வாயிலைக் கொஞ்சம் மனக்கண்ணில் பாருங்கள். ஒருவன் மேல் பத்து கிலோ இரும்பு வளையம் தொங்குகிறது. பக்கத்தில் நிற்பவன் பஞ்சுச் சட்டையில் இருக்கிறான். மூன்றாமவன் வயலுக்குப் போகும்போது போட்டிருந்த அதே துணியோடு வில்லைத் தோளில் மாட்டி வந்திருக்கிறான். ஒருவனைப்போல் ஒருவன் இல்லை. சீருடை என்ற ஒன்றே அங்கே கிடையாது. ஏனென்றால் அங்கே அரசு எதையும் வாங்கித் தரவில்லை. ஒவ்வொருவனும் தன் செலவில் வந்து நிற்கிறான். ஊரின் பணக்காரன் யார், ஏழை யார் என்பதை அந்த வாயிலிலேயே படித்துவிடலாம். இதுவரை எந்தப் பெரிய கேமும் இந்தக் காட்சியை எனக்கு மனநிறைவாகக் காட்டவில்லை.

இப்போது ஸ்கைரிமுக்கு வருகிறேன். பெதெஸ்டா நிறுவனத்தின் 'எல்டர் ஸ்க்ரோல்ஸ்' வரிசையில் ஐந்தாவது கேம். 2011 நவம்பர் 11ஆம் தேதி வெளிவந்தது. காவலர்களைப் பற்றிப் பேசும் எவரும் அதைத் தாண்டிப் போக முடியாது. ஸ்கைரிம் என்ற வடதேசம் ஒன்பது சீமைகளாகப் பிரிந்திருக்கிறது. ஒவ்வொன்றுக்கும் ஒரு ஜார்ல், அதாவது குறுநிலத் தலைவர். காவலர்களின் அடிப்படை உடை எல்லாச் சீமையிலும் கிட்டத்தட்ட ஒன்றுதான்: லேசான வகைக் கவசம், அதன் மேல் தோளிலிருந்து இடுப்புக்குக் குறுக்காக இறங்கும் ஒரு துணி. நிறம் மட்டும் ஊருக்கு ஊர் மாறும். வைட்ரனில் மஞ்சள், சாலிட்யூடில் சிவப்பு, மார்கார்த்தில் பச்சை, ரிஃப்டனில் ஊதா. கேடயத்தில் அந்தந்தச் சீமையின் சின்னம் இருக்கும். வைட்ரனுக்குக் குதிரைத் தலை, சாலிட்யூடுக்கு ஓநாய், விண்ட்ஹெல்முக்குக் கரடி, ஃபால்க்ரீத்துக்குக் கலைமான், மார்கார்த்துக்குச் செம்மறிக்கடா.

வேலை என்று பார்த்தால் இது மிகச் சிக்கனமான, மிகக் கெட்டிக்காரத்தனமான வேலை. ஒரே உடல், ஒரே தையல். துணியின் நிறத்தையும் கேடயத்தையும் மாற்றினால் வேறொரு நாடு. பனிமூட்டத்தில் மலைப்பாதை வழியாக இறங்கி வருகிற ஆட்டக்காரர், தூரத்தில் மஞ்சள் தெரிந்தால் வைட்ரன் எல்லைக்குள் வந்துவிட்டோம் என்று அறிந்துகொள்கிறார். வரைபடத்தைத் திறக்கத் தேவையில்லை. 2004இல் வந்த 'வேர்ல்ட் ஆஃப் வார்கிராஃப்ட்' கேமிலும் இதே முறைதான். சிங்கம் பொறித்த நீல மேலங்கியைக் கண்டால் ஸ்டார்ம்விண்ட் நகரத்துக் காவலர்; அவரிடம் வழி கேட்கலாம், போகவேண்டிய இடத்தை வரைபடத்தில் குறித்தும் கொடுப்பார்.

ஆனால் ஸ்கைரிமின் துணி வழிகாட்டும் பலகையாக மட்டும் இருக்கவில்லை. அந்த நாட்டில் உள்நாட்டுப் போர் நடக்கிறது. பேரரசு ஒரு பக்கம், உல்ஃப்ரிக் தலைமையிலான ஸ்டார்ம்க்ளோக் கலகக்காரர்கள் மறுபக்கம். உல்ஃப்ரிக்கின் கோட்டையான விண்ட்ஹெல்மில் ஊர்க்காவலர்கள் போடுவது கலகப் படையின் அதே நீல உடை. அங்கே ஊர்க்காவலுக்கும் போர்ப்படைக்கும் வித்தியாசம் இல்லாமல் போய்விட்டது என்பதை ஒருவரும் வாய்விட்டுச் சொல்வதில்லை, உடை சொல்லிவிடுகிறது. பேரரசுப் பக்கம் சேர்ந்து அந்த நகரத்தைப் பிடித்தபிறகு திரும்பப் போனால், நீலம் இருந்த இடத்தில் பேரரசுச் சிப்பாய்கள் ரோந்து போகிறார்கள். கடைகள் அதே கடைகள், தெருவில் கிடக்கும் பனி அதே பனி. வாசலில் நிற்கும் உடை மாறிவிட்டது, அவ்வளவே. ஆட்சி மாற்றத்தை இவ்வளவு குறைந்த செலவில், இவ்வளவு துல்லியமாகக் காட்டிய கேம்கள் அதிகம் இல்லை.

சாலிட்யூடில் முதன்முதலாகக் காலடி வைக்கும்போது ஒரு மரண தண்டனை நடந்துகொண்டிருக்கும். தண்டிக்கப்படுபவன் பெயர் ராக்விர். அரசரைக் கொன்றுவிட்டுத் தப்பிய உல்ஃப்ரிக்குக்கு நகர வாயிலைத் திறந்துவிட்டவன் அவன். வாயிலைக் காக்க வேண்டியவன்தான் திறந்துவிட்டான். மேடையில் அவன் சீருடையில் இல்லை. அவனைச் சுற்றி நிற்கும் காவலர்கள் சிவப்புச் சீருடையில் இருக்கிறார்கள். ஒரு காவலனுடைய ஆயுதங்களில் முதன்மையானது அவன் பொறுப்பில் இருக்கும் கதவு என்பதை அந்தக் காட்சி எனக்குக் கற்றுக்கொடுத்தது. ரிஃப்டன் வாயிலில் வேறு விதம். அங்கே நிற்கும் காவலன் வருகையாளர் வரி என்று சொல்லிக் காசு கேட்பான். அது வரி இல்லை, வழிப்பறி. அவனுடைய கவசமும் வாளும் மற்ற ஊர்க்காரர்களுடையதைப் போலத்தான் இருக்கின்றன. அந்தக் கதவை வைத்துத்தான் அவன் பிழைக்கிறான்.

இனி என் குறையைச் சொல்கிறேன். ஸ்கைரிமில் விண்டர்ஹோல்டு என்று ஓர் ஊர் உண்டு. ஒரு காலத்தில் பெருநகரம். பெரும்பகுதி கடலுக்குள் சரிந்துவிட்டது. இப்போது மிஞ்சியிருப்பது ஒரு சத்திரம், ஒரு கடை, ஜார்லின் வீடு, விரல்விட்டு எண்ணக்கூடிய குடும்பங்கள், பாலத்துக்கு அப்பால் மந்திரவாதிகளின் கல்லூரி. இந்த ஊரின் காவலர்களும் பளிச்சென்ற சீருடையில், சீமைச் சின்னம் பொறித்த கேடயத்தோடு நிற்கிறார்கள். செழிப்பான வைட்ரன் காவலருக்கும் இவர்களுக்கும் தரத்தில் வித்தியாசமே தெரியவில்லை. ஊர் முக்கால்வாசி அழிந்துபோனபிறகு இந்தக் கவசத்தை யார் வாங்கித் தந்தார்கள்? வரி கொடுக்கக் கடலில் மூழ்கிய வீடுகளா வரும்? அங்கே ஒருவன் பழைய கவசத்தின் கிழிசலை மீன்வலை நூலால் தைத்துப் போட்டிருந்தால், ஒருவன் இறந்துபோன அப்பாவின் தலைக்கவசத்தை மாட்டியிருந்தால், ஒருவனிடம் கேடயமே இல்லாமல் இருந்திருந்தால், அந்த ஊரின் துயரம் நூறு வரி வசனம் இல்லாமலே தெரிந்திருக்கும். நல்ல வாய்ப்பு கைநழுவிப் போயிற்று என்று இன்றும் நினைக்கிறேன்.

தலைக்கவசத்தைத் தனியாகப் பேச வேண்டும். ஸ்கைரிம் காவலரின் தலைக்கவசம் முகம் முழுவதையும் மூடுகிறது. கண்ணுக்குத் துளைகள் மட்டும். இங்கிலாந்தின் சஃபோக் பகுதியில் சட்டன் ஹூ என்ற இடத்தில் 1939இல் தோண்டி எடுத்த ஏழாம் நூற்றாண்டுத் தலைக்கவசம் உங்களில் பலருக்குப் படத்தில் தெரிந்திருக்கும். புருவம், மூக்கு, மீசை எல்லாம் உலோகத்தில் செய்த முகமூடியோடு இருக்கும் அது. ஸ்கைரிம் காவலரைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு அந்த மரபு நினைவுக்கு வருகிறது. ஆனால் சட்டன் ஹூவில் அது ஒரு கப்பலோடு புதைக்கப்பட்ட மாபெரும் மனிதரின் கல்லறையில் கிடைத்தது. அரசராக இருக்கலாம் என்று அறிஞர்கள் கருதுகிறார்கள். நார்வேயில் 1943இல் யெர்முண்ட்பூ என்ற பண்ணையில் கிடைத்த, மூக்குக்கண்ணாடி வடிவில் கண்ணைச் சுற்றி இரும்பு வளைந்த, பத்தாம் நூற்றாண்டின் அந்தப் புகழ்பெற்ற வைகிங் தலைக்கவசமும் ஒரு பெரிய மனிதரின் கல்லறைப் பொருள்தான். வைகிங் காலத் தலைக்கவசங்கள் மிக அரிதாகத்தான் கிடைத்திருக்கின்றன. முகத்தை மூடும் இரும்பு அந்தக் காலத்தில் செல்வத்தின் அடையாளம். அதைச் சாதாரண ஊர்க்காவலர் எல்லோர் தலையிலும் வைத்தது வரலாற்றிலிருந்து வந்த முடிவு இல்லை, கேம் செய்யும் வேலையின் கட்டாயத்திலிருந்து வந்தது என்றே நினைக்கிறேன். முகம் மூடியிருந்தால் நூறு காவலருக்கும் ஒரே தலை போதும். இறந்துபோன காவலனுக்குப் பதில் இன்னொருவன் வந்து நின்றால் யாருக்கும் வித்தியாசம் தெரியாது. எல்லோருக்கும் ஒரே வசனங்களைக் கொடுக்கலாம்.

அப்படிக் கொடுத்த வசனங்களில் ஒன்றுதான் உலகம் முழுக்கப் பரவியது. நானும் உன்னைப்போல் சாகசக்காரனாக இருந்தவன்தான், முழங்காலில் அம்பு பட்டது, அதோடு விட்டுவிட்டேன் என்ற பொருளில் காவலர்கள் சொல்வது. ஊர் ஊராக ஒரே கதையைக் கேட்ட ஆட்டக்காரர்கள் அதைக் கேலிக்கு எடுத்துக்கொண்டார்கள். எனக்கு அது அந்தக் கேமின் மிக உண்மையான வசனங்களில் ஒன்று. கால் போனவன் என்ன செய்வான்? மலையேற முடியாது, குகைக்குள் ஓட முடியாது. சம்பளமும் சாப்பாடும் இலவச உடையும் கிடைக்கிற, ஓரிடத்தில் நின்றால் போதும் என்கிற வேலைக்குத்தான் வருவான். காவலன் உடைக்குள் எப்படிப்பட்டவன் இருக்கிறான் என்று அந்தக் கேம் யோசித்த நேரம் அது. அப்படி யோசித்தவர்கள் அதே ஆளின் கவசத்தில் அந்த முழங்காலுக்கு ஒரு கட்டோ ஒரு தோல்பட்டையோ போட்டிருந்தால் எவ்வளவு நன்றாக இருந்திருக்கும்! அவனுடைய ஒரு காலணி மட்டும் அதிகம் தேய்ந்திருந்தாலே போதும்.

அதே கேமில் வைட்ரனுக்கு மேற்கே இருக்கும் காவற்கோபுரத்துச் சண்டையை எடுத்துக்கொள்ளுங்கள். கதையில் நாயகன் முதன்முதலாகக் கொல்லும் டிராகன் அங்கேதான் வருகிறது. ஐரிலெத் என்ற பெண் படைத்தலைவி ஒரு சிறு காவலர் கூட்டத்தை அழைத்துப் போகிறாள். அவர்கள் கையில் வில் இருப்பதன் பயன் அங்கே தெரிகிறது. வானத்திலிருந்து வரும் எதிரிக்கு வாள் எட்டாது. மஞ்சள் துணி போட்டவர்கள் திறந்தவெளியில் நின்று வானத்தை நோக்கி அம்பு விடுகிறார்கள், சிலர் செத்துப்போகிறார்கள். அம்பு டிராகனின் தோலில் பட்டு என்ன ஆகும் என்று அவர்களுக்கே தெரியாது. இருந்தாலும் விடுகிறார்கள். சண்டை முடிந்ததும் பிழைத்தவர்கள் நாயகனைச் சுற்றி நின்று வியக்கிறார்கள். செத்தவர்களுக்குப் பெயர் கிடையாது. திரையில் 'வைட்ரன் காவலர்' என்று மட்டும் எழுதியிருக்கும். முகமும் மூடியிருப்பதால் யார் செத்தார் என்பது நமக்குத் தெரியாமலே போய்விடுகிறது. அந்தத் தலைக்கவசத்துக்கு நாம் கொடுக்கிற விலை இது. ஆட்டக்காரர் காவலரைக் கூசாமல் வெட்டுவதற்கும் இதுவே காரணம்.

இரவில் ஸ்கைரிம் காவலர்கள் தீப்பந்தம் எடுத்துக்கொள்வதையும் கவனியுங்கள். பந்தம் இடக்கையில். கேடயமும் இடக்கைப் பொருள்தான். ஆகவே வெளிச்சம் வேண்டும் என்றால் காப்பு போய்விடுகிறது. இருட்டில் ஊரைச் சுற்றிவரும் காவலனின் நிலைமை இந்த ஒரு சின்ன ஏற்பாட்டில் முழுவதும் அடங்கியிருக்கிறது. அவனால் பார்க்க முடியும்; அதே வெளிச்சத்தில் அவனை எல்லோராலும் பார்க்க முடியும். 1998இல் லுக்கிங் கிளாஸ் நிறுவனம் செய்த 'தீஃப்' கேம் முழுக்க இந்த உண்மையின் மேல்தான் நிற்கிறது. அதில் நீங்கள் திருடன். நிழலில் ஒளிந்துகொண்டு, காவலனின் காலடி கல்லில் படுகிறதா கம்பளத்தில் படுகிறதா என்று காதைத் தீட்டிக் கேட்க வேண்டும். அவன் வருவதைக் கண்ணால் காண்பதற்கு முன்பே செவி சொல்லிவிடும். படம் வரைகிற பலர் உடையின் ஓசையை மறந்துவிடுகிறார்கள். பூட்ஸ் எதனால் ஆனது, இடுப்பில் என்னென்ன தொங்குகின்றன, நடக்கும்போது எது எதில் இடிக்கும் என்பதையும் உங்கள் ஓவியத்தின் ஓரத்தில் எழுதுங்கள். ஒலி அமைப்பவர் உங்களுக்கு நன்றி சொல்வார்.

நான் மிகவும் மதிக்கிற காவலர்கள் ஸ்கைரிமில் இல்லை. அதே வரிசையில் 2002இல் வந்த மாரோவிண்டில் இருக்கிறார்கள். அந்தக் கதை நடக்கும் வ்வார்டன்ஃபெல் தீவு எரிமலைச் சாம்பல் படிந்த நிலம். பேரரசு அந்தத் தீவைத் தன் ஆட்சிக்குக் கீழே வைத்திருக்கிறது. நீங்கள் கைதியாகக் கப்பலில் வந்து இறங்கும் செய்டா நீன் என்ற சிற்றூரில் பேரரசின் காவலர்கள், ரோமானியப் படையை நினைவூட்டும் உலோகக் கவசத்தில் நிற்பார்கள். கொஞ்ச தூரம் உள்ளே பால்மோரா நகருக்குப் போனதும் உலோகம் மறைந்துவிடுகிறது. அங்கே ஹ்லாலு குலத்தின் காவலர்கள் எலும்பைப் பிசினோடு சேர்த்து வார்த்துச் செய்த கவசம் போட்டிருக்கிறார்கள். இன்னும் வடக்கே ஆல்ட்ரூனில் ரெடோரன் குலத்தவர். அவர்கள் கட்டடங்களே பெருநண்டின் ஓட்டை நினைவூட்டும். கவசம் அங்கேயும் எலும்புதான், தலைக்கவசத்தின் வார்ப்பு வேறு. கிழக்கே காளான் கோபுரங்களில் வாழும் டெல்வானி மந்திரவாதிகளின் காவலர்கள், கணவாய் மீனைத் தலையில் கவிழ்த்ததுபோன்ற தலைக்கவசம் மாட்டியிருப்பார்கள்.

இதில் எதுவும் அலங்காரத்துக்காக வைத்தது கிடையாது. அந்தத் தீவில் எபனி, கண்ணாடிப் பாறை என்று விலைமதிப்பற்ற கனிமங்கள் உண்டு. பேரரசின் உரிமப் பத்திரம் இல்லாமல் அவற்றைத் தோண்டக் கூடாது. தங்கள் காலுக்குக் கீழே இருக்கும் செல்வத்தை மண்ணின் மக்கள் தொட முடியாது. ஆகவே அவர்களுடைய காவலர்கள் அந்த மண்ணில் வாழும் பிராணிகளிடமிருந்து கிடைத்ததை அணிகிறார்கள். இப்படி அந்தக் கேம் எங்கும் விளக்கி எழுதியதாக நான் சொல்லவில்லை. அந்த உலகத்தில் சில நாள் நடந்தால் நீங்களே கூட்டிப் பார்த்துக்கொள்வீர்கள். செய்டா நீனில் கண்ட உலோகமும் பால்மோராவில் கண்ட எலும்பும் பக்கத்தில் பக்கத்தில் நின்று, யார் யாரை ஆள்கிறார்கள் என்று சொல்லிக்கொண்டே இருக்கும்.

அந்தத் தீவின் பெருநகரமான விவெக்கில் கோயிலின் காவலர்கள் இருக்கிறார்கள். ஆர்டினேட்டர் என்று பெயர். தங்க நிறத்தில் மனித முகம் செதுக்கிய முகமூடி, அதன் மேல் உயர்ந்து நிற்கும் கொண்டை. ஸ்கைரிமில் நான் குறை சொன்ன அதே முகமூடும் தலைக்கவசம் இங்கே வேறு பொருள் கொள்கிறது. ஊர்க்காவலன் முகத்தை மூடியபோது அவன் யாருமற்றவன் ஆனான். ஆர்டினேட்டர் முகத்தை மூடும்போது அவர் கோயிலின் முகத்தை அணிந்துகொள்கிறார். இந்த வேறுபாட்டை ஆட்டக்காரர் உணர்வதற்கு ஒரு விதி வைத்தார்கள். ஓர் ஆர்டினேட்டரைக் கொன்று அந்தக் கவசத்தையோ தலைக்கவசத்தையோ நீங்கள் மாட்டிக்கொண்டு இன்னொரு ஆர்டினேட்டரிடம் பேசப் போனால், அவர் உங்களைக் கொல்ல வருவார். வேறு எந்தக் குற்றமும் நீங்கள் செய்திருக்க வேண்டாம். அந்த உடைக்குத் தகுதி இல்லாமல் அதைப் போட்டதே குற்றம். பெரும்பாலான கேம்களில் கவசம் என்பது அடியைத் தாங்கும் ஓர் எண். இங்கே அது ஒரு பதவி, ஒரு சத்தியம். இருபது ஆண்டுகள் கடந்தபிறகும் இந்த விதிக்கு நிகரான ஒன்றை வேறு பல கேம்களில் நான் தேடியிருக்கிறேன், அரிதாகவே அகப்படுகிறது.

ஸ்கைரிமில் இதன் மென்மையான வடிவம் ஒன்று உண்டு. அங்கே காவலர்கள் உங்கள் உடையைக் கவனிப்பார்கள். கம்பானியன்ஸ் என்ற வீரர் குழுவின் ஓநாய்க் கவசத்தைப் போட்டுக்கொண்டு போனால் அதைக் குறிப்பிட்டுப் பேசுவார்கள். நாம் அவர்கள் உடையைப் படிக்கிறோம், அவர்கள் நம் உடையைப் படிக்கிறார்கள். வாசலில் நிற்பவனின் தொழிலே வருகிறவனைப் பார்த்து எடைபோடுவதுதான் என்பதால் இது மிகச் சரியான இடத்தில் வைத்த நுட்பம்.

அதே வரிசையில் இந்த இரண்டு கேம்களுக்கும் இடையில் 2006இல் வந்த ஆப்லிவியன் பற்றிச் சுருக்கமாகச் சொல்கிறேன். அங்கேயும் ஒவ்வொரு நகரத்துக் காவலரும் மார்பில் நகரச் சின்னம் தரித்திருக்கிறார்கள். சோரலுக்கு ஓக் மரம், க்வாட்சுக்கு ஓநாய். அந்தக் கேமின் பெரிய பிழை வேறிடத்தில் இருந்தது. ஆட்டக்காரரின் பலம் ஏற ஏற எதிரிகளின் ஆயுதமும் உயர்ந்துகொண்டே போகும்படி அமைத்திருந்தார்கள். அதனால் கடைசிக் கட்டத்தில் காட்டுப்பாதையில் வழிமறித்துச் சில்லறைக் காசு கேட்கும் கொள்ளைக்காரன் மிக விலை உயர்ந்த கண்ணாடிக் கவசத்தில் வருவான். நகரக் காவலரோ அதே சங்கிலிக் கவசத்தில் நிற்பார். அந்தக் கண்ணாடிக் கவசத்தை விற்றாலே கொள்ளைக்காரன் ஒரு வீடு வாங்கலாம். காசு எங்கிருந்து வந்தது என்ற கேள்வியைக் கேட்க மறந்தால் ஓர் உலகம் எப்படி உடைந்துபோகும் என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று எனக்குத் தெரியாது.

ஆனால் அதே கேமில் என் மனதை விட்டு அகலாத ஒரு கவசமும் இருக்கிறது. க்வாட்ச் நகரம் பாதாள உலகத்து அசுரர்களால் அழிந்துபோகிறது. மிஞ்சிய காவலர்களை வைத்துக்கொண்டு தடுப்பரணில் நின்று போராடுபவர் சாவ்லியன் மேட்டியஸ் என்ற காவல் தலைவர். கோட்டையை மீட்டபிறகு, அங்கே காப்பாற்ற வேண்டிய பிரபு இறந்துகிடப்பது தெரிகிறது. போர் போதும் என்று மேட்டியஸ் தன் ஓநாய்ச் சின்னக் கவசத்தைக் கழற்றி உங்களிடம் கொடுத்துவிடுகிறார். அந்த நகரமே இல்லாமல் போனபிறகு அதன் சின்னத்தை இனி யாருக்காக அணிவது? ஆட்டக்காரர்கள் பலர் அதை ஒரு பரிசுப்பொருளாக வாங்கிப் பையில் போட்டுக்கொண்டு போய்விடுகிறார்கள். அதை அணிந்துகொண்டு மற்ற ஊர்களுக்குப் போய்ப் பாருங்கள். இல்லாத ஒரு நகரத்தின் காவலராக நடப்பது எப்படி இருக்கிறது என்று தெரியும்.

படியளந்தவர் போனபிறகும் காவல் நிற்பவர்களை இன்னும் பெரிய அளவில் காட்டியது ஜப்பானின் ஃப்ரம்சாஃப்ட்வேர் 2011இல் வெளியிட்ட 'டார்க் சோல்ஸ்'. அனோர் லோண்டோ என்ற தேவர் நகரத்தில் வெள்ளி வீரர்கள் காவலுக்கு இருக்கிறார்கள். அவர்களுடைய அரசர் க்வின் எப்போதோ போய்விட்டார். நகரத்தில் தேவர்கள் பெரும்பாலோரும் இல்லை. அந்த மாலை வெயில்கூட மாயத்தோற்றம். இருந்தாலும் வெள்ளி வீரர்கள் தங்கள் இடத்தை விட்டு நகரவில்லை. குறுகலான மதில் விளிம்பில் ஆளுயர வில்லோடு நிற்கும் அந்த இருவரைத் தாண்ட முடியாமல் தவித்த ஆட்டக்காரர்கள் உலகம் முழுக்க உண்டு. க்வின்னோடு தீயின் உலைக்குள் போனவர்களோ கருகிக் கறுப்பு வீரர்கள் ஆனார்கள். ஒரே அரசரின் படை. ஒரு பாதி வெள்ளியாக இருக்கிறது, மறுபாதி கறுப்பாகிவிட்டது. எந்தப் பாதி யாரோடு போயிற்று என்பதைக் கவசத்தின் நிறமே சொல்லிவிடுகிறது. கவசத்தின் மேல் ஒரு வரலாறு நடந்திருக்கிறது. படம் வரைகிறவர்கள் கற்றுக்கொள்ள வேண்டியது இந்தப் பழக்கத்தை: கவசத்தைப் புதிதாக வரைந்துவிட்டு, அதன்பிறகு அந்த நாட்டுக்கு என்ன நேர்ந்ததோ அதையெல்லாம் அதன் மேல் நிகழவிட வேண்டும்.

கடைசியாக ஆயுதம். எல்டர் ஸ்க்ரோல்ஸ் காவலர்கள் பெரும்பாலும் வாளோ கோடாரியோ தண்டாயுதமோ வைத்திருக்கிறார்கள். எனக்கு இதில் நீண்டநாள் ஏக்கம் ஒன்று உண்டு. உண்மையான வாயிற்காவலரின் ஆயுதம் நீண்ட கம்பு கொண்டது. ஈட்டியோ, ஈட்டியும் கோடாரியும் ஒன்றாய்ச் சேர்ந்த ஹால்பர்டோ. இரும்பு கொஞ்சம், மரம் அதிகம். ஆகவே செலவு குறைவு. நெருங்க விடாமல் தூரத்திலேயே நிறுத்தும். எல்லாவற்றையும்விட, இருவர் எதிரெதிரே நின்று கம்பைக் குறுக்கே நீட்டினால் வாசலே அடைபட்டுவிடும். வாளை நீட்டி வாசலை அடைக்க முடியாது, வெட்டத்தான் முடியும். வாடிகனில் 1506 முதல் இருந்துவரும் சுவிஸ் காவல்படையினர் இன்றும் ஹால்பர்டு ஏந்தி நிற்கிறார்கள். அவர்களுடைய கோடுபோட்ட சீருடையின் இன்றைய வடிவம் 1914ஐச் சேர்ந்தது. 2019இல் தலைக்கவசத்தை முப்பரிமாண அச்சில் பிளாஸ்டிக்கில் செய்யத் தொடங்கினார்கள், வெயிலில் இரும்பு கொதிக்கிறது என்பதால். இவ்வளவு மாறியும் கையிலிருக்கும் கம்பு மாறவில்லை.

1998இல் வந்த 'ஆக்கரினா ஆஃப் டைம்' கேமில் ஹைரூல் கோட்டைக் காவலர்கள் ஈட்டியோடுதான் இருப்பார்கள். நாயகனான சிறுவன் லிங்க் பதுங்கிப் பதுங்கி உள்ளே போகும்போது பிடிபட்டால், அந்த ஈட்டியால் அவனைக் குத்துவதில்லை. வாசலுக்கு வெளியே கொண்டுபோய் விட்டுவிடுவார்கள். காவல் என்ற வேலையைச் சரியாகப் புரிந்துகொண்டவர்கள் செய்த காட்சி. காவலனின் முதல் வேலை கொல்வது இல்லை, உள்ளே விடாமல் இருப்பது.

மாரோவிண்டில் ஈட்டி இருந்தது; அதற்கென்று தனித் திறமையே வைத்திருந்தார்கள். ஆப்லிவியனில் அதை எடுத்துவிட்டார்கள். ஸ்கைரிமிலும் காவலர் கைக்கு அது திரும்பவில்லை. அந்த வரிசையின் ஆறாவது கேம் 2018 ஜூனில் அறிவிக்கப்பட்டது. அது வரும்போது முதல் நகரத்தின் வாயிலில் நிற்கிற இருவருக்கும் ஈட்டி கொடுங்கள் என்று அதில் வேலை செய்கிறவர்களைக் கேட்டுக்கொள்வேன். இருவரில் ஒருவருடைய ஈட்டிக் கம்பாவது முறிந்து, புதுக் கட்டையில் மாட்டியதாக இருக்கட்டும்.